ஒரு யூனிட்டில் எவ்வளவு கல்?

புதுச்சேரியில் வீடு கட்டத் தொடங்குகிறவர் முதல் வாரத்திலேயே கற்றுக்கொள்ளும் சொல் யூனிட். ஜல்லியும் எம்-சாண்டும் இந்தக் கணக்கில்தான் வந்து இறங்கும். ஒரு யூனிட் என்பது 100 கன அடி. பத்தடி நீளம், பத்தடி அகலம், ஓரடி உயரம். மெட்ரிக்கில் 2.83 கன மீட்டர். மீட்டர் அளவையைப் பெற்றெடுத்த நாட்டின் ஆட்சி 1954 நவம்பர் 1 வரை நடந்த ஊர் இது. பொருளுக்கு விலை சொல்வதும் மெட்ரிக் அலகில்தான் இருக்க வேண்டும் என்று இந்தியாவின் 2009-ஆம் ஆண்டுச் சட்டமுறை எடையளவுச் சட்டமும் சொல்கிறது. டிப்பர் ஓட்டுகிறவருக்கு இரண்டுமே பொருட்டில்லை. அவருக்கு அடிக்கணக்குதான்.

இருக்கட்டும். இந்த 100 கன அடியில் கல் எத்தனை கன அடி?

ஏறக்குறைய 56. மீதி 44 காற்று. இதில் யாரும் யாரையும் ஏமாற்றவில்லை, ஜல்லியின் இயல்பே அப்படி. ஆனால் எவ்வளவு வாங்குவது, எவ்வளவு பணம் கொடுப்பது என்ற இரண்டு கேள்விக்கும் சரியான பதில் வேண்டுமானால் இந்த 44-ஐப் புரிந்துகொண்டாக வேண்டும்.

முதலில் கல் எங்கிருந்து வருகிறது என்று பார்த்துவிடலாம், ஏனென்றால் விலையின் ஒரு பகுதி அதில் இருக்கிறது. புதுச்சேரி நகரம் வண்டல் மீது நிற்கிறது. கோரிமேடு பக்கம் ஏறினால் செம்மண் மேடு. அதன் அடியில் கடலூர் மணற்கல். உடைத்து ஜல்லியாக்கும் அளவுக்கு உறுதியான பாறை ஊருக்குள் வெளியே தெரிவதில்லை. பிரெஞ்சுக்காரர் காலத்து வீடுகள் செங்கல்லும் சுண்ணாம்புமாக எழுந்ததற்கு இதுவும் ஒரு காரணம். அவற்றின் கூரையைப் பாருங்கள். தேக்கு உத்திரத்தின் மேல் மெல்லிய செங்கல்லைக் குத்துக்கல்லாக அடுக்கி, அதன் மேல் செங்கல் ஜல்லியைச் சுண்ணாம்போடு கலந்து கொட்டி, நாள்கணக்கில் தட்டித் தட்டி இறுக்கியிருப்பார்கள். மெட்ராஸ் டெரஸ் என்று பெயர். கருங்கல் ஜல்லி அங்கே தலைகாட்டவே இல்லை.

இன்றைய கான்கிரீட்டுக்குக் கருங்கல் வேண்டும். அது விழுப்புரம் மாவட்டத்தின் வானூர், திருவக்கரை பக்கத்துக் குவாரிகளிலிருந்து வருகிறது. திருவக்கரை என்றதும் பலருக்கு வக்கிரகாளியம்மனும் கல்மரப் பூங்காவும் நினைவுக்கு வரும். அந்தக் கல்மரங்களுக்கு வயது 2 கோடி ஆண்டு அளவில். அருகிலுள்ள கிரஷர்களில் அரைபடும் பாறையோ 250 கோடி ஆண்டுப் பழசு. சார்னோக்கைட் என்ற இந்தப் பாறை வகைக்குப் பெயர் வந்த கதை விசித்திரமானது. கொல்கத்தாவின் பழைய தேவாலயம் ஒன்றில் ஜாப் சார்னோக் என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியின் கல்லறை இருக்கிறது. அந்தக் கல்லறைக் கல்லை ஆராய்ந்த தாமஸ் ஹாலண்ட் என்ற புவியியலாளர் 1893-இல் அந்தப் பாறைக்கு அவர் பெயரையே வைத்தார். அந்தக் கல் போனதோ சென்னைக்குப் பக்கத்துப் பல்லாவரம் பகுதியிலிருந்து. நம் வீட்டுத் தளத்துக்குள் கிடப்பது அந்தக் கல்லறைக் கல்லின் பங்காளி.

இந்தப் பாறையின் அடர்த்தி ஏறக்குறைய 2.7. அதாவது இடைவெளியே இல்லாத ஒரு கன மீட்டர் பாறை 2.7 டன் இருக்கும். அதையே உடைத்து ஜல்லியாக்கி ஒரு கன மீட்டர் பெட்டியில் கொட்டினால் எடை 1.5 டன்தான். 1.5-ஐ 2.7-ஆல் வகுத்தால் 0.56. மேலே சொன்ன 56 இப்படி வந்ததுதான்.

நம்பிக்கை இல்லையென்றால் நீங்களே செய்து பார்க்கலாம். எந்தக் கட்டட வேலையிலும் 20 லிட்டர் பெயிண்ட் வாளி ஒன்று கிடக்கும். விளிம்பு வரை எவ்வளவு கொள்கிறது என்பதை முதலில் தண்ணீரால் அளந்துகொள்ளுங்கள். ஜல்லியை நனைத்து, தண்ணீரை வடித்துவிட்டு, அழுத்தாமல் வாளியில் கொட்டி மேல்மட்டத்தைச் சமன் செய்யுங்கள். எடை போட்டால், வாளியின் எடை போக, 30 கிலோ அளவில் இருக்கும். இப்போது லிட்டர் குவளையால் தண்ணீர் ஊற்றிக்கொண்டே வாருங்கள். விளிம்பைத் தொடுவதற்குள் 9 லிட்டர் உள்ளே போய்விடும். நிறைந்த வாளிக்குள் அரை வாளித் தண்ணீர்! 20-இல் 9 போனால் கல் இருக்கும் இடம் 11 லிட்டர். 30-ஐ 11-ஆல் வகுத்தால் 2.7. ஒரே வாளியில் ஜல்லியின் கொட்டு அடர்த்தி, வெற்றிடம், பாறையின் அடர்த்தி மூன்றும் கைக்கு வந்துவிட்டன. ஆய்வுக்கூடத்திலும் இதைத்தான் செய்கிறார்கள். 1963-இல் வந்த இந்தியத் தர நிர்ணயம் ஐ.எஸ். 2386-இன் மூன்றாம் பகுதி முக்கால் ஜல்லிக்கு, அதாவது 20 மில்லிமீட்டர் கல்லுக்கு, 15 லிட்டர் உலோகப் பாத்திரம் கேட்கிறது, அவ்வளவுதான் வித்தியாசம்.

அதே வாளியைத் தரையில் நாலு முறை தட்டி வையுங்கள். ஜல்லி மட்டம் கீழே இறங்கும். கல் குறையவில்லை, காற்று கொஞ்சம் வெளியேறியிருக்கிறது. திருவக்கரையிலிருந்து குலுங்கிக் குலுங்கி வரும் டிப்பருக்குள்ளும் இதுவேதான் நடக்கிறது. கிரஷரில் விளிம்பு வரை ஏற்றிய ஜல்லி உங்கள் தெருவுக்கு வரும்போது விளிம்புக்குக் கீழே இருந்தால் உடனே சண்டைக்குப் போக வேண்டாம். கொட்டியபின் அது மறுபடி தளர்ந்து கொஞ்சம் உப்பும். கன அடிக் கணக்கின் கோளாறே இதுதான்: ஒரே கல் ஏற்றும்போது ஓர் அளவு, இறக்கும்போது வேறு அளவு.

சரி, பெரிய ஜல்லிக்குள் பெரிய ஓட்டை, சின்ன ஜல்லிக்குள் சின்ன ஓட்டை. அப்படியானால் ஒன்றரை ஜல்லியில் காற்று அதிகம், கால் ஜல்லியில் குறைவு, இல்லையா? இல்லை. கல் எல்லாம் ஏறக்குறைய ஒரே அளவாக இருந்தால், 40 மில்லிமீட்டரானாலும் 6 மில்லிமீட்டரானாலும் வெற்றிடத்தின் பங்கு அதேதான். ஒரு குவியலைப் புகைப்படம் எடுத்து இரண்டு மடங்கு பெரிதாக்குங்கள். கல்லும் பெரிதாகிறது, அதே விகிதத்தில் இடைவெளியும் பெரிதாகிறது. ஓட்டைகள் பெரிதானால் எண்ணிக்கையில் குறைந்துவிடும். முதல் தடவை கேட்கும் பொறியியல் மாணவர்களே நம்ப மறுக்கும் செய்தி இது.

அப்படியானால் வெற்றிடத்தை எவ்வளவுதான் குறைக்க முடியும்? இது கணிதத்தின் பழைய புதிர்களில் ஒன்று. ஒரே அளவு உருண்டைகளை எப்படி அடுக்கினாலும் 74.05 சதவீதத்துக்கு மேல் இடத்தை நிரப்ப முடியாது என்று யோகன்னஸ் கெப்ளர் 1611-இல் ஊகித்தார். பழக்கடையில் ஆரஞ்சு அடுக்கும் முறைதான் மிகச் சிறந்தது என்று பொருள். பழக்காரருக்குத் தெரிந்த இதை நிரூபிக்கக் கணிதருக்கு ஏறத்தாழ 400 ஆண்டு பிடித்தது. தாமஸ் ஹேல்ஸ் 1998-இல் நிரூபணத்தை அறிவித்தார். அதன் ஒவ்வொரு வரியையும் கணினி சரிபார்த்து முடிக்க 2014 ஆயிற்று. அடுக்காமல் கொட்டிக் குலுக்கினால் உருண்டைகள் 64 சதவீதத்தில் நின்றுவிடும். ஜல்லி உருண்டையும் இல்லை, அடுக்கியதும் இல்லை. முனையும் விளிம்பும் ஒன்றையொன்று பற்றிக்கொண்டு, உருண்டு போய் உட்காரவிடாமல் தடுப்பதால் 56-இலேயே நின்றுவிடுகிறது.

இதற்கு மேல் நிரப்ப ஒரே வழிதான்: வேறு வேறு அளவுகளைக் கலப்பது. முக்கால் ஜல்லியின் இடைவெளியில் அரை ஜல்லி, அதன் இடைவெளியில் மணல், அதற்கும் இடையில் சிமென்ட். பிரான்சின் வடகரையிலுள்ள பூலோஞ் நகரத்தில் அரசுப் பொதுப்பணித் துறை ஆய்வுக்கூடத்தை நடத்திய ரெனே ஃபெரே, சாந்தில் வெற்றிடம் குறையக் குறைய வலிமை கூடுகிறது என்று 1892-இல் காட்டினார். பின்னர் 1907-இல் அமெரிக்கர்களான ஃபுல்லரும் தாம்சனும் எந்த அளவுக் கல் எத்தனை பங்கு இருந்தால் கலவை மிக நெருக்கமாகும் என்பதற்கு வளைகோடு போட்டுக் கொடுத்தார்கள். ரெடிமிக்ஸ் நிலையங்களில் 20 மில்லிமீட்டரும் 12 மில்லிமீட்டரும் கலந்து போடுவது இந்த வழிவந்த பழக்கம். வீட்டு வேலையில் பெரும்பாலும் முக்கால் ஜல்லி மட்டும் போடுகிறோம். இடைவெளியை நிரப்பும் வேலை விலை கூடிய சிமென்ட் சாந்தின் தலையில் விழுகிறது.

இனி கணக்கு. லாஸ்பேட்டையிலோ முத்தியால்பேட்டையிலோ 30 அடிக்கு 20 அடி வீடு என்று வைத்துக்கொள்வோம். தளத்தின் கனம் 5 அங்குலம். 30 × 20 = 600 சதுர அடி. அதை 5 அங்குலத்தால், அதாவது 0.4167 அடியால் பெருக்கினால் 250 கன அடி கான்கிரீட். விட்டங்களை இதே வழியில் தனியே கணக்கிட்டுக் கூட்டிக்கொள்ள வேண்டும். இங்கே தளம் மட்டும்.

கலவை எம்-20. மேஸ்திரி பாஷையில் ஒன்றுக்கு ஒன்றரை, மூன்று: சிமென்ட் 1, மணல் 1½, ஜல்லி 3. கூட்டினால் 5½ பங்கு. இங்கேதான் புதியவர் தடுக்கி விழுவார். 250-ஐ 5½-ஆல் வகுத்து, மூன்றால் பெருக்கி, 136 கன அடி ஜல்லி போதும் என்று முடிவுகட்டுவார். தளம் பாதியில் நிற்கும். மணல் ஜல்லியின் இடைவெளிக்குள்ளும், சிமென்ட் மணலின் இடைவெளிக்குள்ளும் போய்விடுவதால் 5½ பங்கு உலர்ந்த பொருள் கலந்தபின் 5½ பங்காக இருக்காது. ஏறத்தாழ 3½ பங்காகச் சுருங்கிவிடும். எனவே முதலில் 250-ஐ 1.54-ஆல் பெருக்க வேண்டும். ஒப்பந்தக்காரர் முதல் பொறியாளர் வரை எல்லாரும் மனப்பாடமாக வைத்திருக்கும் எண் இது.

250 × 1.54 = 385. அதை 5½-ஆல் வகுத்தால் ஒரு பங்கு 70 கன அடி. சிமென்ட் 70 கன அடி. மூட்டை ஒன்றுக்கு 1.226 கன அடி வீதம் 57 மூட்டை. மணல் 105. ஜல்லி 210 கன அடி, அதாவது 2.1 யூனிட், எடையில் 8.9 டன்.

இந்த 1.54-ஐ வேதவாக்காக எடுத்துக்கொள்ளாமல் ஒரு தடவை சோதித்துவிடுவோம். காற்றை ஒதுக்கிவிட்டு, உண்மையில் இடத்தை அடைக்கும் பொருளை மட்டும் கூட்டலாம். ஜல்லி 8.9 டன், 2.7-ஆல் வகுத்தால் 3.3 கன மீட்டர். மணல் 4.76 டன், அதில் மணிகள் மட்டும் 1.8 கன மீட்டர். 57 மூட்டை சிமென்ட், அடர்த்தி 3.15, ஆகவே 0.9. தண்ணீர் மூட்டைக்கு 25 லிட்டர் வீதம் 1.43. மொத்தம் 7.43 கன மீட்டர். நமக்குத் தேவை 250 கன அடி, அதாவது 7.08 கன மீட்டர். ஆக, 1.54 போட்டாலே ஐந்து சதவீதம் மிச்சம் வருகிறது. சேதாரம் இந்த எண்ணுக்குள்ளேயே சேர்ந்துவிட்டது. ஆனால் நடைமுறையில் என்ன செய்கிறோம்? 1.54 போட்டபின் சேதாரம் என்று இன்னொரு பத்து சதவீதம் சேர்க்கிறோம். பிறகு கடைக்காரர் முழு லோடாகத்தான் தருவேன் என்று சொல்ல, அதற்கும் தலையாட்டுகிறோம். புதுச்சேரியின் எந்தப் புதுக் குடியிருப்பிலும் வீட்டு வாசலுக்கு எதிரே புல் முளைத்துக் கிடக்கும் ஜல்லிக் குவியல்களுக்கு இந்த மூன்றடுக்குப் பயம்தான் பிறப்பிடம். என் கருத்தில், நேர்த்தியாக அளந்து கலக்கும் வேலைக்கு 1.54 போதும். இரும்புச் சட்டியில் குத்துமதிப்பாக அள்ளிப் போடும் வேலைக்கு எந்தச் சேதாரக் கணக்கும் போதாது.

இன்னொரு சரிபார்ப்பும் உண்டு. ஐ.எஸ். 456 என்ற கான்கிரீட் தர நிர்ணயம் எம்-20 கலவைக்கு 50 கிலோ மூட்டை ஒன்றுக்கு மணலும் ஜல்லியும் சேர்த்து 250 கிலோவுக்கு மேல் போடாதே என்கிறது. 57 மூட்டைக்கு 14.25 டன். நம் கணக்கில் 8.9-உம் 4.76-உம் சேர்ந்து 13.66 டன். வரம்புக்குள் வந்துவிட்டோம்.

இதே எண்களிலிருந்து இன்னொன்றும் தெரிகிறது. குவியலில் கிடக்கும்போது ஜல்லி 56 சதவீத இடத்தை அடைக்கிறது. கான்கிரீட்டிலோ 250 கன அடிக்கு 117 கன அடி, அதாவது 47 சதவீதம்தான். ஜல்லிகள் ஒன்றன்மேல் ஒன்று உட்கார்ந்திருக்க, இடுக்கில் சாந்து நிரம்பியிருக்கிறது என்று நினைப்பது தவறு. சாந்து இடைவெளியை நிரப்பியதோடு நிற்காமல் கற்களை விலக்கியும் வைக்கிறது. ஒவ்வொரு கல்லும் சாந்துக்குள் தனித்தனியே மிதக்கிறது. அதனால்தான் கலவை கம்பிகளுக்கு இடையில் நகர்ந்து போகிறது, இல்லாவிட்டால் சிக்கிக்கொள்ளும்.

தரைக்கு அடியில் நிரப்பும் செம்மண் கிராவலுக்குக் கணக்கு வேறு. அதைத் தண்ணீர் விட்டுத் திமிசு போட்டு இறுக்கவேண்டியிருப்பதால், நிரப்ப வேண்டிய கன அளவைவிடக் கால் பங்காவது கூடுதலாக வாங்க வேண்டும். தளத்து ஜல்லியோடு அதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

ஜல்லி வந்து தெருவில் கொட்டியாயிற்று. 210 கன அடி இருக்கிறதா? குவியலைப் பெட்டிக்குள் போட்டு அளக்க முடியாது. ஆனால் பாஸ்கரர் 1150-ஆம் ஆண்டு அளவில் எழுதிய லீலாவதி என்ற கணித நூலில் இதற்கு ஒரு பகுதியே உண்டு. அவருக்குக் கவலை தானியக் குவியல், நமக்கு ஜல்லி. விதி எளியது: குவியலின் சுற்றளவை ஆறால் வகுத்து, அதை அதனாலேயே பெருக்கி, உயரத்தாலும் பெருக்கு. அதைவிட அழகானது, உயரத்தை அளக்காமலே சொல்லிவிடும் அவருடைய குறிப்பு. பருமனான தானியம் என்றால் உயரம் சுற்றளவில் பத்தில் ஒரு பங்கு, நுண் தானியம் பதினொன்றில் ஒரு பங்கு, முனையோடு கூடிய தானியம் ஒன்பதில் ஒரு பங்கு. சொரசொரப்பு கூடக் கூடக் குவியல் செங்குத்தாகிறது என்பதை எண்ணாக்கியிருக்கிறார். இன்றைய இயற்பியல் இதைச் சாய்வுக் கோணம் என்கிறது. பாஸ்கரரின் பத்தில் ஒன்று 32 பாகைக்குச் சமம். ஒன்பதில் ஒன்று 35 பாகை. உடைத்த கருங்கல் ஜல்லி 38 பாகை அளவில் நிற்கும். அவர் பட்டியலை ஓர் அடி நீட்டினால், ஜல்லிக்கு உயரம் சுற்றளவில் எட்டில் ஒன்று.

விதியில் ஒரு சின்னத் திருத்தம் வேண்டும். ஆறால் வகுத்து வர்க்கமாக்குவது சுற்றளவு விட்டத்தைப் போல் மூன்று மடங்கு என்று வைத்துக்கொள்வதற்குச் சமம். சரியான கணக்குக்குச் சுற்றளவின் வர்க்கத்தை உயரத்தால் பெருக்கி 37.7-ஆல் வகுக்க வேண்டும். குவியலின் சுற்றளவு 40 அடி, உயரம் 5 அடி என்றால் 1600 × 5 ÷ 37.7 = 212 கன அடி. நமக்கு வேண்டிய சரக்கு வந்து சேர்ந்துவிட்டது.

சுற்றளவை அளக்கும்போது மட்டும் கஞ்சத்தனமோ தாராளமோ கூடாது. குவியல் தானே விழுந்து நிற்கும் வடிவத்தில் இருந்தால் அதன் கன அளவு சுற்றளவின் முப்படிக்கு ஏற்ப மாறும். 40 அடி இருக்க வேண்டிய இடத்தில் 38 அடி இருந்தால் பார்வைக்கு ஒரு வித்தியாசமும் தெரியாது. ஆனால் ஜல்லி 14 சதவீதம் குறைவு. யாரோ ஓரத்தைக் கால்களால் தள்ளிப் பரப்பிவிட்டால் சுற்றளவு கூடும், உயரம் குறையும். அப்போது எட்டில் ஒன்று என்ற குறுக்கு வழி செல்லாது, உயரத்தையும் அளந்தே ஆக வேண்டும்.

டிப்பரைப் பார்த்தே பிடித்துவிடக்கூடிய பொய்யும் ஒன்று உண்டு. மூன்று அச்சுள்ள பத்துச் சக்கர வண்டியின் மொத்த எடை 28.5 டன்னைத் தாண்டக் கூடாது. முன்பு 25 டன்னாக இருந்த வரம்பை மத்திய அரசு 2018-இல் உயர்த்தியது. வெறும் வண்டியே 11 டன் இருக்கும். மிச்சம் 17.5 டன். ஒரு யூனிட் ஜல்லி 4.25 டன்; ஆகவே சட்டப்படி ஏற்றக்கூடியது நாலு யூனிட்டுக்குச் சற்றே மேல். பத்துச் சக்கர வண்டியில் ஐந்து யூனிட் கொண்டுவந்ததாக ஒருவர் சொன்னால் மொத்த எடை 32 டன்னைத் தாண்டியிருக்க வேண்டும். அவர் ஒன்று சாலை விதியை மீறியிருக்கிறார், அல்லது உங்களுக்குக் குறைத்திருக்கிறார்.

காற்றைக் காசு கொடுத்து வாங்குகிறோம் என்று இவ்வளவு நேரம் புலம்பினோம். அந்தக் காற்றை வேண்டுமென்றே வைக்கும் இடமும் இதே ஊரில் இருக்கிறது. அரியாங்குப்பம் ஆற்று முகத்துவாரத்தில் 1980-களின் பிற்பகுதியில் துறைமுகத்துக்கு அலைத்தடுப்புச் சுவர்கள் கட்டினார்கள். ஆண்டின் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்காகக் கடலோடு நகர்ந்துகொண்டிருந்த மணல் அங்கேயே தடைபட்டது. வடக்கே நகரத்துக் கடற்கரையும் மீனவக் குப்பங்களின் கரையும் அரிக்கப்பட்டன. கூபேர் அவென்யூவைக் காக்க லாரி லாரியாகப் பாறாங்கற்களைக் கொட்ட வேண்டியதாயிற்று. 2018-இல் தேசியக் கடல்சார் தொழில்நுட்ப நிறுவனம் தலைமைச் செயலகத்துக்கு எதிரே கடலுக்குள் ஆப்பு வடிவ எஃகுத் தடுப்பை இறக்கிய பிறகுதான் அங்கே மறுபடி மணல் சேரத் தொடங்கியது.

பாறாங்கல் சுவரில் இடைவெளி ஒரு வேலைக்காரன். மழமழப்பான சுவரில் மோதும் அலை அப்படியே திரும்பி, அடியிலுள்ள மணலைத் தோண்டிக்கொண்டு போகும். ஓட்டைகள் நிறைந்த கற்குவியலில் நுழையும் தண்ணீர் உள்ளுக்குள்ளேயே முட்டி மோதி வேகம் இழக்கும். இங்கே வெற்றிடத்தை 40 சதவீதம் என்று கொள்வது வழக்கம். ஒரு மாதிரிக் கணக்கு: உயரம் 4 மீட்டர், மேல் அகலம் 3 மீட்டர், கடல் பக்கச் சரிவு ஒன்றுக்கு இரண்டு. குறுக்குவெட்டுப் பரப்பு 28 சதுர மீட்டர். வெற்றிடத்தைக் கழித்தால் மீட்டர் நீளத்துக்கு 16.8 கன மீட்டர் பாறை, அதாவது 45 டன். ஒரு கிலோமீட்டருக்கு 45,000 டன். பத்துச் சக்கர டிப்பரில் 2,600 லோடு. வெற்றிடத்தை மறந்து கணக்குப் போட்டால் 75,000 டன் வரும். 30,000 டன் கல்லுக்கு வெட்டியாக ஒப்பந்தப் புள்ளி!

இனி விலை. கல்லின் விலை குவாரி வாசலில் முடிவதில்லை. வெடி, உடைப்பு, அரசுக்குச் செலுத்தும் கட்டணம், டீசல், தூரம், ஐந்து சதவீத ஜிஎஸ்டி என்று வழியெல்லாம் ஏறிக்கொண்டே வருகிறது. கனிமங்களுக்குக் கொடுக்கும் ராயல்டி வரி ஆகாது, கனிமம் உள்ள நிலத்துக்கு மாநிலங்கள் தனியே வரி போடலாம் என்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதி அமர்வு 2024 ஜூலையில் பெரும்பான்மைத் தீர்ப்பு சொன்னது. அந்த வழியில் தமிழ்நாடு கொண்டுவந்த சட்டம் 2025 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. வரி டன் கணக்கில். வானூரில் போடும் வரி புதுச்சேரியின் தளத்தில் வந்து நிற்கும், ஏனென்றால் நமக்கென்று வேறு மலை இல்லை. இதில் கவனிக்க வேண்டியது, அரசு டன்னில் கணக்குப் பார்க்கிறது. நாம் கன அடியில் வாங்குகிறோம்.

வாங்குகிறவரும் டன்னுக்கு மாறிவிடுவதே நல்லது. ஒரு கடைக்காரர் யூனிட் 4,400 ரூபாய் என்கிறார், இன்னொருவர் டன் 1,000 ரூபாய் என்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கணக்குக்காகச் சொல்லும் விலைகள்தான், இன்றைய சந்தை நிலவரம் இல்லை. எது மலிவு? வாளி சோதனை செய்யாமல் சொல்ல முடியாது. முதலாமவர் ஜல்லி 20 லிட்டருக்கு 30 கிலோ நின்றால் யூனிட்டுக்கு 4.25 டன், டன் 1,035 ரூபாய் விழுகிறது. 28 கிலோதான் என்றால் யூனிட்டுக்கு 3.96 டன், டன் 1,111 ரூபாய். வெறும் 2 கிலோ வித்தியாசம் டன்னுக்கு 76 ரூபாய் ஆகிவிட்டது. எடை குறைந்த ஜல்லி பெரும்பாலும் தட்டையும் நீளமுமான சில்லுகள் கலந்த ஜல்லியாக இருக்கும். அத்தகைய கற்கள் சரியாக உட்காராமல் இடைவெளியைக் கூட்டும், சாந்தையும் அதிகம் குடிக்கும். தட்டையும் நீளமும் சேர்ந்து 40 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று ஐ.எஸ். 383 வரம்பு வைத்திருப்பது அதனால்தான்.

மணலுக்கு மட்டும் டன் கணக்கிலும் ஒரு கண் வேண்டும். கழுவிய எம்-சாண்ட் ஈரத்தோடு வந்தால் தண்ணீருக்கும் சேர்த்து எடை நிற்கும். ஐந்து சதவீத ஈரம் என்றால் டன்னுக்கு 50 கிலோ அளவில் தண்ணீர். கன அடியில் வாங்கினால் அதே ஈரம் மணலைக் கால் பங்கு வரை உப்ப வைக்கும். எப்படி வாங்கினாலும் ஈர மணலில் நட்டம், ஆனால் எடையில் வாங்கினால் நட்டம் குறைவு. ஜல்லிக்கு இந்தத் தொல்லை இல்லை. ஒரு சதவீதத்துக்கு மேல் அது தண்ணீரைப் பிடித்து வைப்பதில்லை.

ஆகவே அடுத்த லோடு வரும்போது வண்டிக்காரரிடம் எடைமேடைச் சீட்டைக் கேளுங்கள். ஏற்றிய எடை, வெறும் வண்டி எடை இரண்டும் அதில் இருக்க வேண்டும். கழித்து வந்ததை 4.25-ஆல் வகுத்தால் எத்தனை யூனிட் என்று தெரிந்துவிடும். உங்கள் வாளி வேறு எடை காட்டினால் 4.25-க்குப் பதில் அந்த எண்ணைப் போடுங்கள். சீட்டுத் தர மறுக்கும் கடையில் யூனிட்டுக்கு நூறு ரூபாய் குறைத்தாலும் வாங்காதீர்கள்.